குகைக்குள் சுருங்கும் காலம்

கிழக்கிலங்கையில் மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அக்கரைப்பற்று, பொத்துவில் எனக் கடலோரமாகத் தெற்கு நோக்கி நீளும் முஸ்லிம் ஊர்களில் வெள்ளிக்கிழமைதோறும் பலரும் ஓதிவருவது குர்ஆனின் 18ஆம் அத்தியாயமான ஸூரத்துல் கஹ்ஃப். 110 வசனங்கள் கொண்ட இவ்வத்தியாயத்தில் 9ஆம் வசனம் முதல் 26ஆம் வசனம் வரை, தம் இறைநம்பிக்கையைக் காத்துக்கொள்ள ஊரைவிட்டு வெளியேறிக் குகையொன்றில் ஒதுங்கிய இளைஞர் சிலர், அங்கேயே உறங்கிப்போய் முந்நூறு ஆண்டுகளுக்கும் மேலாகக் கிடந்து விழித்தெழுந்த வரலாறு சொல்லப்படுகிறது. அஸ்ஹாபுல் கஹ்ஃப், அதாவது குகைத் தோழர்கள், என்று பெயர் பெற்ற இவர்களின் கதையை ஓதப்பள்ளிப் பருவத்திலேயே கேட்டு வளராதவர் இக்கரையோர முஸ்லிம்களில் அரிதாகவே இருப்பர்.

இக்கதை பெரும்பாலும் ஈமானின் உறுதிக்கும், இறந்தோர் எழுப்பப்படுவர் என்ற கோட்பாட்டுக்கும் சான்றாகவே விளக்கப்படுகிறது, அதில் பிழையில்லை. ஆனால் மனித மனம் காலத்தை எவ்வாறு அளக்கிறது, எங்கே அளக்கத் தவறுகிறது என்பது பற்றியும் இக்கதை வியக்கத்தக்க நுட்பத்தோடு பேசுகிறது என்பது போதிய கவனம் பெறவில்லை. உறங்கியவனின் மனம் கழிந்த காலத்தை ஒருபோதும் தானாக அறிவதில்லை, வெளியுலகப் பொருளொன்றே அதை அறிவிக்கிறது, அப்பொருள் கைக்கு எட்டாதவரை மனம் போடும் கணக்கு எப்போதும் குறைத்தே வரும் என்னும் இம்மூன்றையும் கதை தன் போக்கிலேயே காட்டிச் செல்கிறது. இருபதாம் நூற்றாண்டின் குகைச் சோதனைகள் பல ஆண்டு உழைப்பில் சென்று சேர்ந்த இடமும் ஏறத்தாழ இதுவே. 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலையைத் தன் நினைவில் தாங்கி நிற்கும் இக்கரைக்கு, குறிப்பாக அப்பேரலையில் பெரிதும் சிதைந்த கோமாரி போன்ற ஊர்களுக்கு, இந்தக் கேள்வி ஏட்டளவில் நிற்பதன்று.

கதையின் அமைப்பை முதலில் உற்றுப் பார்க்கலாம். இளைஞர்கள் குகைக்குள் புகுந்ததும், அவர்களின் காதுகள் பல ஆண்டுகளுக்கு அடைக்கப்பட்டன என்று 11ஆம் வசனம் கூறுகிறது. கண்கள் மூடப்பட்டதாக அன்றிக் காதுகள் அடைக்கப்பட்டதாகவே உறக்கம் இங்கே வருணிக்கப்படுகிறது. 17ஆம் வசனத்தில், உதிக்கும் சூரியன் குகையின் வலப்புறமாகவும் சாயும் சூரியன் இடப்புறமாகவும் விலகிச் செல்ல, அவர்கள் குகையின் விசாலமான நடுப்பகுதியில் வெயில் படாமல் கிடந்தனர் என்ற விவரம் வருகிறது. ஐவேளைத் தொழுகையைக் கடைப்பிடிக்கும் சமூகத்துக்கு நேரத்தை உணர்த்துபவை இரண்டு: ஒன்று சூரியனும் அது விழுத்தும் நிழலும், மற்றையது காதில் விழும் பாங்கு. சூரியன் உச்சி சாய்ந்ததும் லுஹர் தொடங்குகிறது. இலங்கை முஸ்லிம்கள் பெரும்பாலும் பின்பற்றும் ஷாஃபிஈ சட்டமரபின்படி, உச்சிவேளை நிழல் நீங்கலாக ஒரு பொருளின் நிழல் அப்பொருளின் நீளத்தை எட்டும்போது அஸர் தொடங்குகிறது. இந்த இரண்டு வாயில்களையும் கதை தனித்தனியே பெயர் சொல்லி அடைத்துவிட்டே உறக்கத்தைத் தொடங்குகிறது என்பது தற்செயலாகத் தோன்றவில்லை.

உறங்குவோர் வலமும் இடமுமாகப் புரட்டப்பட்டனர் என்றும், பார்ப்பவர் அவர்களை விழித்திருப்பதாகவே எண்ணுவர் என்றும், அவர்களுடைய நாய் முன்கால்களை நீட்டி வாயிலில் கிடந்தது என்றும் 18ஆம் வசனம் சொல்கிறது. மண் உடலை அரித்துவிடாதிருக்கவே புரட்டப்பட்டனர் என்பது பழைய உரையாசிரியர்களின் விளக்கம். நினைவிழந்த நோயாளிக்குப் படுக்கைப்புண் வராதிருக்க மணிக்கணக்கு வைத்துப் புரட்டிப் படுக்கவைக்கும் இன்றைய தாதியர் இதைப் படித்தால் புன்னகைக்கக்கூடும். விழித்ததும் ஒருவர் எவ்வளவு நேரம் தங்கியிருப்போம் என்று கேட்கிறார். ஒரு நாளோ அதில் ஒரு பகுதியோ இருக்கும் என்று விடை வருகிறது. அந்த விடையில் நிறைவில்லாதோர், அதை இறைவனே அறிவான் என்று கூறிப் பேச்சை முடித்துவிட்டு, வெள்ளிக்காசைக் கொடுத்து ஒருவரை ஊருக்குள் உணவு வாங்கி வரும்படி அனுப்புகின்றனர். இந்த 19ஆம் வசனத்தில் வரும் ஒரு சொல்லே எழுத்தெண்ணிக்கையில் குர்ஆனின் நட்டநடு என்பது நெடுநாள் வழக்கு என்பதால், தெற்காசியாவிலும் தென்கிழக்காசியாவிலும் அச்சான குர்ஆன் பிரதிகள் பலவற்றில் அச்சொல் சிவப்பிலோ பெரிய எழுத்திலோ தனித்துத் தெரியும். ஓதப் பழகும் பிள்ளைகள் அந்த இடத்தில் சற்று நின்று பார்ப்பது இயல்பு. காசை எடுத்துக்கொண்டு போகிறவர் யாருக்கும் தெரியாமல் பக்குவமாக நடந்துகொள்ள வேண்டும் என்று எச்சரிக்கப்படும் இடமே அது.

அந்தக் காசு கடைத்தெருவில் பிடிபட்ட காட்சி குர்ஆனில் இல்லை. உரையாசிரியர்களும், அவர்களுக்கு முன்பே சிரியாவின் கிறித்தவப் புலவர்களும் அதை விரித்துச் சொல்லியுள்ளனர்: அப்பம் வாங்க வந்தவன் நீட்டிய காசில் என்றோ மாண்டுபோன மன்னனின் முத்திரை இருக்கக் கண்ட கடைக்காரர்கள், இவன் புதையல் எடுத்தவன் என்று சந்தேகித்து ஊர்த் தலைவரிடம் கொண்டுபோகிறார்கள். 521இல் மறைந்த ஆயர் சாரூகின் யாக்கோபு சிரியாக் மொழியில் செய்யுளாக்கிய வடிவம் இன்று கிடைக்கும் மிகப் பழைய வடிவங்களுள் ஒன்று. கிறித்தவ மரபின்படி இது துருக்கியின் மேற்குக் கரையிலுள்ள எபேசு நகரில் நடந்தது. 249 முதல் 251 வரை ஆண்ட உரோமப் பேரரசன் டேசியஸ் கிறித்தவர்களைத் துன்புறுத்தியபோது உறங்கச் சென்றவர்கள், 408 முதல் 450 வரை ஆண்ட இரண்டாம் தியோடோசியஸ் காலத்தில் விழித்தனர். இவ்விரு ஆட்சிக்காலங்களையும் வைத்துக் கழித்தால் எப்படிப் பார்த்தாலும் 201 ஆண்டுக்கு மேல் வராது. ஆனால் மேற்கத்திய வடிவங்கள் சிலவற்றில் உறக்கம் முந்நூற்றெழுபது ஆண்டையும் தாண்டி நீள்கிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் புனிதர் வரலாறுகளைத் தொகுத்த வொராஜின் யாக்கோபு, இந்தக் கணக்கு பொருந்தவில்லை என்று நூலிலேயே ஐயம் தெரிவித்தார். அற்புதத்தை ஐயுறாத ஒருவர் கூட்டல் கழித்தலை ஐயுற்றது சிந்திக்கத்தக்கது.

எபேசில் இக்குகை என்று சொல்லப்பட்ட இடத்தை ஆஸ்திரியத் தொல்லியலார் 1920களின் இறுதியில் அகழ்ந்தபோது, வழிபட வந்தோர் ஏற்றிவிட்டுப்போன மண் அகல்விளக்குகள் குவியலாகக் கிடைத்தன. துருக்கியின் தர்சூஸ், அஃப்ஷின் ஆகிய ஊர்களும், ஜோர்தானின் தலைநகர் அம்மானுக்கு அருகிலுள்ள அர்ரகீம் குகையும் இதே உரிமையைக் கொண்டாடுகின்றன. பிரெஞ்சு அறிஞர் லூயி மாசிஞோன், இரு மதத்தாரும் பங்குகொண்ட கதை என்பதாலேயே இதைத் தம் வாழ்நாள் ஆய்வுகளுள் ஒன்றாகக் கொண்டு, 1954இல் பிரான்சின் பிரித்தானி மாகாணத்துச் சிற்றூர் ஒன்றின் ஏழு உறங்குவோர் ஆலயத் திருவிழாவைக் கிறித்தவரும் முஸ்லிம்களும் சேர்ந்து செல்லும் யாத்திரையாக்கினார். உதுமானியர் ஆட்சியில் இவ்வெழுவர் பெயரும், நாய்க்கு மரபு சூட்டிய கித்மீர் என்ற பெயரும் எழுத்தணியாக வரையப்பட்டுக் காவலாகக் கருதப்பட்டன. தமிழ் முஸ்லிம்களிடையிலும் தாயத்துகளிலும் ஏடுகளிலும் இப்பெயர்களுக்கு இடமிருந்தது. சீர்திருத்தக் கருத்துடையோர் இதை மறுப்பதால் வழக்கம் இன்று தேய்ந்துவருகிறது.

குர்ஆனோ பெயர்களையும் ஊரையும் தராததோடு, எண்ணிக்கையையும் வேண்டுமென்றே திறந்துவைக்கிறது. மூவர், நாலாவது நாய் என்பர் சிலர். ஐவர், ஆறாவது நாய் என்பர் சிலர். எழுவர், எட்டாவது நாய் என்பர் வேறு சிலர் என்று 22ஆம் வசனம் மூன்று கணக்கையும் அடுக்கிவிட்டு, இதைப் பற்றி வீண்வாதம் வேண்டாம் என்று முடிக்கிறது. உடனடுத்த 23, 24ஆம் வசனங்கள், ஒன்றை நாளை செய்வேன் என்று சொல்லும்போது இறைவன் நாடினால் என்று சேர்த்தே சொல்ல வேண்டும், மறந்துவிட்டால் இறைவனை நினைவுகூர வேண்டும் என்று திரும்புகின்றன. இப்னு இஸ்ஹாக்கின் நபிவரலாற்று மரபு இதற்குப் பின்னணி தருகிறது: மதீனாவின் யூத அறிஞர்கள் சொல்லிக்கொடுத்தபடி குறைஷியர் இவ்விளைஞரைப் பற்றியும் வேறு இரண்டைப் பற்றியும் கேட்டபோது, நபிகளார் நாளை விடை தருவதாகச் சொன்னார்கள், இன்ஷா அல்லாஹ் சேர்க்கப்படாமையால் இறைச்செய்தி பதினைந்து நாள் தாமதித்தது. கல்முனைச் சந்தையில் கடனைத் திருப்பிக் கேட்பவருக்கும், அக்கரைப்பற்றில் கல்யாணத்துக்கு அழைப்பவருக்கும் நாக்கின் நுனியில் நிற்கும் இன்ஷா அல்லாஹ் என்ற தொடர், இப்படிக் குகைக் கதையின் நடுவிலேயே வேர்கொண்டிருக்கிறது. முந்நூறு ஆண்டு கழிந்ததை ஒரு நாள் என்று மதிப்பிட்ட மனம் வரப்போகும் ஒரு நாளை மட்டும் சரியாக மதிப்பிடும் என்பதற்கு என்ன உறுதி என்ற கேள்வியை, எச்சரிக்கை வந்து நிற்கும் இடமே எழுப்பிவிடுகிறது.

அதன் பிறகே 25ஆம் வசனத்தில் எண் வருகிறது: முந்நூறு ஆண்டு, அதோடு ஒன்பது கூடுதல். முந்நூறு சூரிய ஆண்டும் முந்நூற்றொன்பது சந்திர ஆண்டும் ஏறத்தாழச் சமம் என்று இப்னு கஸீர் உள்ளிட்ட உரையாசிரியர்கள் இதை விளக்கினர். கணக்குச் சரியாகவே நிற்கிறது. சூரிய ஆண்டு 365.2422 நாள் என்று கொண்டால் 300 ஆண்டுக்கு 109,573 நாள். சந்திர ஆண்டு 354.367 நாள் என்று கொண்டால் 309 ஆண்டுக்கு 109,499 நாள். மூன்று நூற்றாண்டில் வேறுபாடு இரண்டரை மாதத்துக்குள் அடங்கிவிடுகிறது. இந்த இரட்டைக் கணக்கு அம்பாறைக் கரையோர முஸ்லிமுக்குப் புதிதன்று. அவருடைய நோன்பும் பெருநாளும் பிறையோடு நகர்ந்து ஆண்டுக்குப் பதினொரு நாள் முந்திக்கொண்டே போக, அவருடைய வயல் மழையோடும் வெயிலோடும் கட்டுண்டு பெரும்போகம், சிறுபோகம் என்று தன் பருவத்தில் நிற்கிறது. விதைப்பில் ஒரு ரமழானும், முப்பத்து மூன்று ஆண்டுக்குள் ஒரு சுற்றுச் சுற்றி வந்து மறுபடி விதைப்பிலேயே இன்னொரு ரமழானும் கண்ட விவசாயிக்கு அந்த ஒன்பது ஆண்டு எங்கிருந்து வந்தது என்பதை எவரும் விளக்க வேண்டியதில்லை.

பொத்துவிலுக்கு வடக்கே, அக்கரைப்பற்று வீதியில், கடலுக்கும் களப்புக்கும் இடையில் அமைந்த கோமாரி தமிழ்க் கிராமம். தமிழரும் முஸ்லிம்களும் பிட்டும் தேங்காய்ப்பூவும் போல அடுத்தடுத்து வாழும் கரை என்று கிழக்கில் வழங்கும் பேச்சை, முப்பதாண்டுப் போர் பல இடங்களில் கேலிக்குள்ளாக்கியது உண்மையென்றாலும், கதைகளின் அளவில் அந்த அயல்தன்மை இன்னும் தேயவில்லை. குகையில் உறங்கியவனின் கதை சைவ, வைணவ மரபிலும் உண்டு. திருவாரூர்த் தியாகேசரைத் தேவலோகத்திலிருந்து கொணர்ந்தவனாகவும், கந்தபுராணத்தில் முருகனை வழிபட்டவனாகவும் தமிழர் அறிந்த முசுகுந்தச் சக்கரவர்த்தி, தேவர்களுக்காக நெடுங்காலம் போரிட்டுக் களைத்து, வரமாக உறக்கத்தைக் கேட்டுப் பெற்றுக் குகையொன்றில் படுத்தான் என்கிறது பாகவதத்தின் பத்தாம் ஸ்கந்தம். கண்ணன் தன்னைத் துரத்திவந்த காலயவனனை அக்குகைக்குள் இழுத்துவர, அவன் உறங்குபவனைக் கண்ணன் என்று எண்ணி உதைத்து, விழித்த பார்வையில் எரிந்து சாம்பலாகிறான். கதையின் ஆரவாரம் இதுவே. இதன் பின் வரும் சிறு விவரமே இங்கு வேண்டுவது: குகையைவிட்டு வெளிவந்த முசுகுந்தன் மனிதரும் விலங்கும் செடிகொடியும் மரமும் தன் காலத்தைவிட அளவில் சிறுத்திருப்பதைக் கண்டு, கலியுகம் வந்துவிட்டது என்று தானே முடிவுக்கு வருகிறான். எபேசு இளைஞனுக்குக் காசு செய்த வேலையை இவனுக்கு மரங்களின் உயரம் செய்கிறது.

யூதர்களின் தல்மூதில் எழுபது ஆண்டு உறங்கிய ஹோனிக்கு, தான் உறங்குமுன் ஒருவர் நட்ட மரத்தில் அவருடைய பேரன் காய் பறிப்பது அடையாளமாகிறது. குர்ஆனின் இரண்டாம் அத்தியாயம் 259ஆம் வசனத்தில் நூறாண்டு இறந்து கிடந்து எழுப்பப்பட்டவர், பெரும்பாலோர் கருத்தில் உஸைர், அவரும் ஒரு நாளோ அதில் ஒரு பகுதியோ என்றே சொல்கிறார். அவருக்குக் காட்டப்படும் அடையாளம் எல்லாவற்றிலும் விசித்திரமானது. உணவும் பானமும் கெடாமல் அப்படியே இருக்க, கழுதை மட்டும் எலும்புக்கூடாகிக் கிடக்கிறது. ஒரே இடத்தில் இரண்டு கடிகாரங்கள் இருவேறு வேகத்தில் ஓடியிருக்கின்றன. மறுமை நாளில் எழுப்பப்படுவோரும் பூமியில் ஒரு நாளோ அதற்கும் குறைவாகவோ தங்கினோம், எண்ணிக்கை வைத்திருப்போரிடம் கேட்டுக்கொள்ளுங்கள் என்று கூறுவதாக 23ஆம் அத்தியாயத்தில் வருகிறது. கணக்கு வைத்திருப்பவர் எப்போதும் வேறொருவர்.

இக்கதைகளில் உறங்கியவர் எவரும் கழிந்த காலத்தைக் கூட்டிச் சொல்வதில்லை. ஆயிரம் ஆண்டு உறங்கினேன் என்று எழுந்தவனிடம், இல்லை ஒரு மணிதான் என்று சொல்லும் கதையும் உலகில் உண்டு, ஆனால் அவன் கனவு கண்டவனாக இருப்பான். கனவு நிகழ்ச்சிகளால் நிறைந்தது, கனவற்ற உறக்கம் வெறுமையானது. வெறுமையான பொழுதை மனம் எப்படி அளக்கிறது என்பதைச் சோதனைக்கு உட்படுத்தியவர் பிரெஞ்சு நிலவியலார் மிஷேல் சிஃப்ர். 1962 ஜூலை 16 அன்று, அப்போது 23 வயதினரான அவர், பிரான்சும் இத்தாலியும் சந்திக்கும் மலைப்பகுதியில் ஸ்கராசோன் என்னும் ஆழ்குகைக்குள் கடிகாரமின்றி இறங்கினார். உள்ளே பனிக்கட்டி, உறைநிலையை ஒட்டிய குளிர், ஓயாத ஈரம், சிறு கூடாரம், விளக்கு. விழிக்கும்போதும் உண்ணும்போதும் உறங்கப்போகும்போதும் மேலேயுள்ள குழுவுக்கு அவர் தொலைபேசியில் சொல்ல வேண்டும். குழுவினர் நேரத்தைக் குறித்துக்கொள்வர், ஆனால் அவருக்கு எதையும் சொல்லமாட்டார்கள். ஒவ்வோர் அழைப்பிலும் நொடிக்கு ஒன்று வீதம் 120 வரை எண்ணிக்காட்டுவதும் ஏற்பாடு. இரண்டு நிமிடத்தில் முடிய வேண்டிய அந்த எண்ணலுக்கு ஒருமுறை அவர் ஐந்து நிமிடம் எடுத்தார், எடுத்தது அவருக்குத் தெரியவும் இல்லை. செப்டம்பர் 14 அன்று சோதனை முடிந்தது என்று மேலிருந்து செய்தி சென்றபோது, அவருடைய நாட்குறிப்பில் தேதி ஆகஸ்ட் 20 என்றிருந்தது. இரண்டு மாதத்தில் இருபத்தைந்து நாள் காணாமற்போயிருந்தது.

இதில் இன்னொரு முடிச்சு உண்டு. மேலிருந்தோர் குறித்துவைத்த நேரங்களைப் பரிசீலித்தபோது, அவருடைய உறக்கமும் விழிப்பும் சேர்ந்த ஒரு சுற்று சராசரியாக 24 மணி 30 நிமிடம் என்று தெரியவந்தது. அதாவது, சூரியனையே காணாத அந்த உடல் நாளைத் தவறாமல் எண்ணிக்கொண்டிருந்தது. அந்த எண்ணிக்கை மனத்துக்கு எட்டவில்லை. மூளையின் அடிப்பகுதியிலுள்ள சிறிய நரம்பணுத் தொகுதியொன்று வெளிச்சத்தின் துணையின்றியே ஏறத்தாழ ஒரு நாளளவு சுற்றில் உடலை இயக்குகிறது என்பது பிற்காலத்தில் உறுதியாயிற்று. இதையே உயிரியல் கடிகாரம் என்பர். நீண்ட விழிப்பு முழுவதையும் அரைநாள் என்று சிஃப்ர் கருதிக்கொண்டதாலேயே நாட்கள் குறைந்தன. 1972இல் அமெரிக்காவின் டெக்சாஸ் மாநிலக் குகையொன்றில் ஆறு மாதத்துக்கும் மேல் தங்கிய அவர் அங்கும் நாட்களைக் குறைத்தே எண்ணினார். 1989இல் நியூ மெக்சிகோவில் 130 நாள் நிலத்தடியில் கழித்த இத்தாலியப் பெண் ஸ்டெஃபானியா ஃபொல்லினி, மே மாதம் 22ஆம் தேதி வெளிவந்தபோது அது மார்ச் நடுப்பகுதி என்று எண்ணினார்.

ஸ்பெயினின் மலையேற்ற வீராங்கனை பெயட்ரிஸ் ஃபிளாமினி, 2021 நவம்பர் 21 அன்று கிரனாடா மாகாணக் குகையொன்றில் இறங்கி 2023 ஏப்ரல் 14 அன்று வெளிவந்தார். இடையில் கருவிக் கோளாறு காரணமாக எட்டு நாள் மட்டும் வெளியே கூடாரத்தில் எவரோடும் பேசாமல் தனித்திருந்தார். 500 நாள் கழிந்திருக்க, அவர் மதிப்பு 160 முதல் 170 நாள். அவர் உள்ளே இருந்த காலத்தில் உக்ரைன் போர் தொடங்கியிருந்தது, பிரித்தானிய அரசி இரண்டாம் எலிசபெத் மறைந்திருந்தார். பழைய அரசியின் முகம் பதித்த காசோடு கடைக்குப் போகும் எபேசு இளைஞனின் நிலை கிட்டத்தட்ட அவருக்கும் வாய்த்திருந்தது.

ஏன் குறைகிறது என்பதற்கு அமெரிக்க உளவியலார் வில்லியம் ஜேம்ஸ் 1890இலேயே ஒரு விளக்கம் சொல்லியிருந்தார். நிகழ்ச்சியற்ற பொழுது கழியும்போது நீளமாகத் தெரிந்தாலும், பின்னர் நினைத்துப் பார்க்கையில் சுருங்கிவிடுகிறது. ஏனென்றால் கழிந்த காலத்தின் நீளத்தை மனம் அதில் பதிந்த நினைவுகளின் எண்ணிக்கையைக் கொண்டே ஊகிக்கிறது. ஒன்றையொன்று அப்படியே ஒத்த அறுபது நாட்கள் நினைவில் சில நாட்களாகவே படிகின்றன. எனினும் குகைச் சோதனையையும் குகைக் கதையையும் முழுதாக ஒன்றாக்கிவிட முடியாது. சிஃப்ரும் ஃபிளாமினியும் பெரும்பொழுது விழித்திருந்தவர்கள். கதையில் வருவோர் உறங்கியவர்கள். முழுமையான மயக்கமருந்துக்குப் பின் கண்விழிக்கும் நோயாளி அறுவைச் சிகிச்சை இன்னும் தொடங்கவில்லை என்றே எண்ணுவதுண்டு. அவருக்கு நினைவு குறைந்தது அன்று, நினைவே இல்லை. அந்நிலையில் மனம் தன் பழக்கத்திலிருந்து அளவுகோலைக் கடன் வாங்குகிறது. ஓர் உறக்கம் என்பது ஓர் இரவு, அல்லது பகலில் கொஞ்ச நேரம். அதைவிட நீண்ட உறக்கத்தை அனுபவத்தில் அறியாதவர் வேறு விடை சொல்ல வழியில்லை. குகைத் தோழர் சொன்ன ஒரு நாள் என்ற விடையை அறியாமை என்று ஒதுக்குவதைவிட, கையிலிருந்த ஒரே படியால் அளந்தார்கள் என்று கொள்வதே நியாயம்.

பேரச்சத்தில் நிகழ்வது இதன் நேரெதிர். ஆல்ப்ஸ் மலையிலிருந்து விழுந்து பிழைத்தவர்களின் கூற்றுகளைத் தொகுத்து 1892இல் வெளியிட்ட சுவிட்சர்லாந்து நிலவியலார் ஆல்பர்ட் ஹைம், விழும் சில நொடிகள் அவர்களுக்கு மிக நீண்டதாகத் தோன்றியதைப் பதிவுசெய்தார். அவரே அப்படி விழுந்தவர்களுள் ஒருவர். 2007இல் டேவிட் ஈகிள்மன் குழுவினர் 31 மீட்டர் உயரத்திலிருந்து ஆட்களைப் பின்புறமாக வலையொன்றில் விழவைத்துச் சோதித்தபோது, தாம் விழுந்த நேரத்தை அவர்கள் பிறர் விழுந்ததைவிட 36 விழுக்காடு கூட்டி மதித்தனர். ஆனால் மணிக்கட்டில் கட்டிய கருவியில் கண்ணுக்குப் பிடிபடாத வேகத்தில் மாறிய எண்களை, விழும்போதும் அவர்களால் படிக்க முடியவில்லை. காலம் அந்த நொடியில் மெதுவாகவில்லை. பின்னர் நினைக்கும்போதே நீண்டது. ஆபத்தின்போது மூளை வழக்கத்தைவிட அடர்த்தியாகப் பதிவுசெய்வதால், அந்த நொடிகளைத் திரும்பப் பார்ப்பவருக்கு அவை நிமிடங்களாகத் தெரிகின்றன. குகை நினைவைப் பட்டினி போட்டுக் காலத்தைச் சுருக்குகிறது. பேரிடர் நினைவைத் திணித்துக் காலத்தை நீட்டுகிறது.

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை, சுமாத்திராவுக்கு அப்பால் நிலம் அதிர்ந்தபோது இலங்கையில் காலை 6.58. அலை கிழக்குக் கரையை ஒன்பது மணிக்கு முன்பே தொட்டது. மருதமுனை, கல்முனை, சாய்ந்தமருது, காரைதீவு, திருக்கோவில், கோமாரி, பொத்துவில் என அடுத்தடுத்து நொறுங்கிய இந்தக் கரையில், அம்பாறை மாவட்டத்தில் மட்டும் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். நாட்டில் வேறெந்த மாவட்டமும் இத்தனை உயிரை இழக்கவில்லை. அலை வந்து போன நேரம் எவ்வளவு, முதலலைக்கும் அடுத்ததற்கும் இடைவெளி எவ்வளவு என்ற கேள்விகளுக்குத் தப்பியவர்களின் நினைவை மட்டும் கொண்டு விடை காண்பது கடினம் என்பதை மேலே கண்ட ஆய்வுகள் உணர்த்தும். ஆகவே காசைப் போல ஒரு புற அடையாளம் தேவைப்படுகிறது. அதற்குக் கடிகாரத்தை நாடுவதே இயல்பு. ஆனால் இத்தீவில் கடிகாரமும் இடம்பெயர்ந்திருக்கிறது.

1996இல் மழை பொய்த்து நீர்மின் உற்பத்தி குன்றியபோது, மின்சாரத்தைச் சேமிக்க அரசு மே 25 அன்று நாட்டின் கடிகாரங்களை ஒரு மணி நேரம் முன்னகர்த்தியது; அக்டோபர் 26 அன்று அதில் அரை மணியைத் திரும்பப் பெற்றது; எஞ்சிய அரை மணி 2006 ஏப்ரல் 15 வரை நீடித்தது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த பகுதிகளில் இம்மாற்றம் ஏற்கப்படாமையால், சோதனைச்சாவடியைக் கடப்பவர் கைக்கடிகாரத்தையும் மனத்துள் திருத்திக்கொண்டே கடக்க வேண்டியிருந்தது. கோமாரியின் நிலநெடுங்கோடு பழைய நேரத்தின் அடிப்படைக் கோடான 82.5 பாகைக்கு மிக அருகில் இருப்பதால், அங்கே கடிகாரமும் சூரியனும் சராசரியில் சில நிமிட வேறுபாட்டோடு ஒத்துப்போவது வழக்கம். அந்தப் பத்தாண்டும் அந்த ஒற்றுமை குலைந்து, லுஹருடைய பாங்கு கடிகாரக் கணக்கில் அரை மணி பிந்தியது. சூரியன் தன் இடத்திலேயே இருந்தது.

பேரலை வந்தது அந்தப் பத்தாண்டின் பிற்பகுதியில். இன்று நாடு முழுவதும் டிசம்பர் 26 அன்று காலை 9.25 முதல் 9.27 வரை இரண்டு நிமிட மௌன அஞ்சலி நடைபெறுகிறது. தென்கரையின் பெரலியவில் தொடருந்தை அலை கவிழ்த்துப் பெருந்தொகையானோரைக் கொன்றதாகப் பதிவான நேரமும் ஏறத்தாழ ஒன்பதரை என்பதால், எண்ணளவில் இரண்டும் பொருந்துகின்றன. ஆனால் அன்றைய ஒன்பதரை இன்றைய கடிகாரத்தில் ஒன்பது, இன்றைய 9.25 அன்றைய 9.55. கிழக்குக் கரையைப் பொறுத்தவரை இடைவெளி இன்னும் பெரிது: தேசம் மௌனம் காக்கும் அந்த நொடிக்கு ஏறத்தாழ ஒரு மணி நேரமோ அதற்கும் மேலோ முன்பே கோமாரியிலும் கல்முனையிலும் கடல் ஊருக்குள் புகுந்திருந்தது. இதைக் குற்றமாகச் சுட்ட வேண்டியதில்லை. நினைவுகூர்தலுக்குப் பொதுவான ஒரு நேரம் வேண்டியிருக்கிறது. ஆனால் வாய்மொழிச் சாட்சியங்களைத் திரட்டுவோர், 2004இன் மணியைச் சொல்லும் ஒவ்வொருவரும் எந்தக் கடிகாரத்தைச் சொல்கிறார் என்று கேட்டுக் குறித்தாக வேண்டும்.

நாளும் ஒன்றாக இல்லை. அரசின் நாட்காட்டியில் அது டிசம்பர் 26. திதி பார்த்துத் திவசம் செய்யும் கோமாரி, திருக்கோவில், காரைதீவுச் சைவர்களுக்கு அது மார்கழிப் பௌர்ணமி. பிறைக்கணக்கில் கத்தம் ஓதும் முஸ்லிம் குடும்பங்களுக்கு அது ஹிஜ்ரி 1425 துல்கஃதா மாதத்தின் நடுப்பகுதி. ஒரே காலைப்பொழுதில் மாண்டவர்களுக்கான நினைவுநாள் அடுத்த ஆண்டே மூன்றாகப் பிரிந்துவிட்டது. சூரிய ஆண்டும் சந்திர மாதமும் 19 ஆண்டுக்கு ஒருமுறை ஒத்துவரும் என்பதால் 2023 டிசம்பர் 26 பௌர்ணமியாக அமைந்து, அரசின் நாளும் சைவர்களின் திதியும் மீண்டும் ஒன்றாயின. பேரலை நிகழ்ந்த அந்தத் துல்கஃதா நாள் மறுபடி டிசம்பர் இறுதியை நெருங்கி வர, அன்றிலிருந்து 33 சந்திர ஆண்டுகள், அதாவது 32 சூரிய ஆண்டுகளும் சில நாட்களும் ஆகும். அது 2036ஆம் ஆண்டு முடிந்து 2037 பிறக்கும் வாரத்தில் வருகிறது.